பாரிசம் நோக்கிய பெயரும் சிரசு நோக்கிய குருதியும்

நோய்களுக்கு மக்கள் இட்ட பெயர்கள், அவர்தம் கண்கள் எவ்விடத்தை நோக்கி நின்றன என்பதனைக் காட்டுவன. நன்றாக இருந்த ஒருவர் திடீரெனச் சரிந்து விழுகின்றார், வாய் கோணுகின்றது, ஒரு பக்கத்துக் கையும் காலும் துவண்டுவிடுகின்றன. இதனைத் தமிழர் பாரிசவாதம் என்றனர். பக்கவாதம், பட்சவாதம் என வழங்குவனவும் அதுவே. பாரிசம் என்பது பக்கம். வாதம் என்பது காற்று. உடலின் ஒரு பக்கத்தைக் காற்றுப் பற்றிக்கொண்டது என்பதே இப்பெயரின் பொருளாகும். யான் பிறந்து வளர்ந்த பல்லேகலவிலே எமது சிங்கள அயலவர் இதனை 'அங்சபாகய' என்பர். அதுவும் உடலின் ஒரு கூற்றினையே சுட்டி நிற்கின்றது. இரு மொழிகளும் கையையும் காலையும் நோக்கின, தலையை நோக்கவில்லை.

இப்பொருளை ஆராயத் தூண்டியது எமது குடும்பத்தில் நேர்ந்த ஒரு நிகழ்ச்சி. சில ஆண்டுகளுக்கு முன்னர் ஒரு மாலைப்பொழுதில் எங்கள் தாத்தா தேநீர்க் கோப்பையைக் கைநழுவ விட்டார். வலக்கை தொங்கிற்று. பேச முயன்றார், சொல் வரவில்லை. "பாரிசவாதந்தான்; விடிந்ததும் எண்ணெய் போட்டு உருவிவிட்டால் சரியாகிவிடும்" என்று வீட்டிலிருந்த பெரியவர்கள் கூறினர். அவ்வாறே செய்யப்பட்டது. மறுநாள் நண்பகலுக்குப் பின்னரே அவரை வைத்தியசாலைக்குக் கொண்டுசென்றோம். அதன்பின் அவர் நான்கு ஆண்டுகள் உயிர் வாழ்ந்தார். 'ஆமா' என்னும் ஒரு சொல்லே அவர் வாயில் எஞ்சியிருந்தது. வேண்டும் என்பதற்கும் வேண்டாம் என்பதற்கும் அதனையே கூறினார். இதில் எவரையும் குறைகூறுதற்கில்லை. நோய் கைகாலிலே வந்தது என நம்பியோர் கைகாலுக்கே மருந்து தேடினர். பெயர் காட்டிய வழியே அவர்கள் சென்றனர்.

கலைப்பீட மாணவன் ஒருவனுக்கு மருத்துவம் பேசும் அதிகாரம் இல்லை என்பதனை அறிவேன். ஆயினும், மூளைக்குக் குருதி செல்லும் வழியை மாந்தர் எங்ஙனம் கண்டறிந்தனர், அவ்வறிவு தமிழுக்கு எப்பொழுது வந்தது, வந்த அறிவு எம் வீட்டுத் திண்ணை வரையில் ஏன் வந்து சேரவில்லை என்பன வரலாற்று மாணவன் கேட்கத்தக்க வினாக்களே.

கழுத்தின் இருபுறமும் துடிக்கும் பெரு நாடிகளைப் பண்டைக் கிரேக்கர் அறிந்திருந்தனர். அவற்றை அழுத்தினால் மயக்கம் உண்டாகும் என்பதனால், மயக்கத்தைக் குறிக்கும் 'காரோஸ்' என்னும் சொல்லினடியாக அவற்றிற்குப் பெயரிட்டனர். இன்று எமது பாடநூல்கள் சிரசு நாடி எனக் குறிப்பன அவையே. இவ்வளவு அறிந்திருந்தும் அவர்தம் கோட்பாடு வேறாக இருந்தது. உரோமப் பேரரசிலே வாழ்ந்த காலென் என்னும் மருத்துவர், மூளையின் அடித்தளத்தில் அற்புத வலை ஒன்று உண்டென்றும், அங்கேதான் குருதியிலுள்ள உயிர்ப்பு மனவுயிர்ப்பாக மாற்றப்படுகின்றது என்றும் கூறினார். ஆட்டிலும் மாட்டிலும் அவ்வலை உண்டு, மனிதரில் இல்லை. காலென் விலங்குகளை அறுத்துக் கண்டதனை மனிதர்மீது ஏற்றி உரைத்தார். ஏறத்தாழ ஆயிரத்து முந்நூறு ஆண்டுகள் அவ்வுரை மறுக்கப்படவில்லை. பதினாறாம் நூற்றாண்டின் முற்பகுதியில் இத்தாலியரான பெரெங்காரியோ, பல பிணங்களை அறுத்தும் அவ்வலையைத் தாம் காணவில்லை என எழுதினார். 1543 இல் வெசேலியஸ் அதனை உறுதிப்படுத்தினார். நூலில் உள்ளது கண்ணுக்குத் தெரியவில்லையாயின் கண்ணின் மீதே ஐயம் கொள்ளும் இயல்பு ஐரோப்பியருக்கும் இருந்தது என்பது எமக்கு ஓரளவு ஆறுதல் தரும் செய்தி.

குருதி உடலெங்கும் சுற்றிவருகின்றது என்பதனை வில்லியம் ஹார்வி 1628 இல் வெளியிட்டார். முப்பது ஆண்டுகளின் பின்னர், 1658 இல், சுவிற்சர்லாந்தைச் சேர்ந்த வெப்பர் என்பவர், திடீரென வீழ்ந்து இறந்தோரின் மண்டையைத் திறந்து நோக்கி, மூளையினுள்ளே குருதி கசிந்து உறைந்திருந்தமையைக் கண்டு எழுதினார். கை துவளுதற்குக் காரணம் கையில் இல்லை. தலையினுள்ளே உள்ள குருதிக்குழாயிலே உள்ளது என்பது உடலை அறுத்துக் காட்டிய சான்றோடு நிலைநாட்டப்பட்டது அப்பொழுதுதான்.

இவ்வரலாற்றின் நடுநாயகமாக விளங்குபவர் ஒக்ஸ்போர்ட் நகரத்து மருத்துவர் தோமஸ் வில்லிஸ். அவரைப் பற்றி ஒரு நிகழ்ச்சி உண்டு. 1650 டிசெம்பர் 14 ஆம் நாள் ஆன் கிறீன் என்னும் பணிப்பெண் சிசுக்கொலைக் குற்றஞ்சாட்டப்பட்டு அந்நகரிலே தூக்கிலிடப்பட்டாள். ஏறத்தாழ அரைமணி நேரம் தொங்கிய பின்னர் அவளது உடல், அறுத்து ஆராய்வதற்கென வில்லிசிடமும் பெற்றி என்னும் மருத்துவரிடமும் அனுப்பப்பட்டது. பெட்டியைத் திறந்தபொழுது தொண்டையில் மெல்லிய ஒலி கேட்டது. இருவரும் கத்தியை வைத்துவிட்டு, அவளுக்குச் சூடேற்றிக் கைகால்களைத் தேய்த்து உயிர்ப்பித்தனர். அவள் பின்னர் மணமுடித்துப் பிள்ளைகளும் பெற்றாள். கழுத்து நெரிந்து நின்ற குருதி மீண்டும் மூளையை அடைந்தால் மனம் மீளும் என்பதற்கு இதனினும் நேரான சான்று அந்நாளில் வேறு எவருக்குக் கிட்டியிருக்கும்? வில்லிஸ் அதனை அவ்வாறு விளங்கிக்கொண்டார் என யான் துணிந்து கூறமாட்டேன். எனினும் பதினான்கு ஆண்டுகள் கழித்து அவர் எழுதிய நூலை வாசிப்போருக்கு அப்பெண்ணின் நினைவு வராமற் போகாது.

அந்நூல் 1664 இல் இலத்தீன் மொழியில் வெளிவந்த 'மூளையின் உடற்கூறு' என்பதாகும். மூளையின் அடியிலே, கழுத்தின் முன்புறமாக வரும் இரு நாடிகளும் பின்புறமாக முள்ளந்தண்டை ஒட்டி வரும் இரு நாடிகளும் சிறு கிளைகளால் ஒன்றோடொன்று இணைந்து ஒரு வளையமாகின்றன. அவ்வளையத்தை அதற்கு முன்னரும் சிலர் கண்டிருந்தனர். அது எதற்காக அமைந்தது என வினவியவர் வில்லிஸ். ஒரு நாடியிலே நிறமூட்டிய நீரைச் செலுத்தினால் அது மற்றை நாடிகளுக்கும் பரவுவதனை அவரும் அவர்தம் துணைவர் றிச்சட் லோவரும் கண்டனர். வேறொரு நோயால் இறந்த ஒருவரின் தலையில், வலப்பக்கத்துச் சிரசு நாடி கல்லைப்போல் இறுகி ஏறக்குறைய முற்றாக அடைபட்டிருந்தது. ஆயினும் அம்மனிதருக்கு உயிரோடிருந்த காலத்திற் பாரிசவாதம் வரவில்லை. ஏனெனில் அதே பக்கத்திற் பின்புறமாக வரும் நாடி மறுபக்கத்ததிலும் மும்மடங்கு பருத்து, குறைந்த குருதியை ஈடுசெய்திருந்தது. ஒரு வாய்க்கால் தூர்ந்தால் மற்றை வாய்க்காலால் வயலுக்கு நீர் பாயும் அமைப்பு இது. வளையத்தை வரைந்தவர் பலராயினும் அதற்கு வில்லிசின் பெயர் நிலைத்தமைக்கு இவ்விளக்கமே காரணம்.

ஈண்டு கண்டியார்க்கு உவப்பான ஒரு செய்தி உண்டு. அந்நூலின் படங்களை வரைந்தோருள் முதன்மையானவர் கிறிஸ்தோபர் றென். பின்னாளில் இலண்டன் புனித பவுல் பேராலயத்தைக் கட்டிய அதே றென். ஒக்ஸ்போர்ட்டில் வில்லிசிடம் உதவியாளராக இருந்தவர்களுள் ஒருவர் றொபேட் ஹூக். அவ்விருவரின் பெயர்களும் பின்னர் வேறொரு நூலிலே சேர்ந்து வருகின்றன. அது யாதெனின், 1681 இல் றொபேட் நொக்ஸ் வெளியிட்ட இலங்கை வரலாறு. நொக்ஸ் 1660 இல் கொட்டியாரத்துக்கு அருகே சிறைப்பிடிக்கப்பட்டு, 1679 இல் தப்பியோடும்வரை கண்டி இராச்சியத்தில் வாழ்ந்தவர். அவர் இறுதியாகக் குடியிருந்த எலதெத்த, இப்பல்கலைக்கழகத்திலிருந்து தொலைவில் இல்லை. அவர்தம் நூலுக்கு முகவுரை எழுதியவர் ஹூக். அதனை வாசித்து, உண்மையும் நேர்மையும் உடையதெனச் சான்று பகர்ந்தவர் றென். மூளையின் நாடிகளை வரைந்த கை கண்டி நாட்டைப் பற்றிய நூலுக்கும் ஒப்பமிட்டது. வில்லிசின் நூல் வெளிவந்த அதே 1664 ஆம் ஆண்டின் இறுதியிலேதான் நிலம்பையில் இரண்டாம் இராசசிங்கனுக்கு எதிராகக் கிளர்ச்சி மூண்டது.

அக்காலக் கண்டியிலே மருத்துவத்தைத் தொழிலாகக் கொண்டோர் இல்லையென்றும், மரம் செடி கொடிகளின் குணம் அறிந்து ஒவ்வொருவரும் தமக்குத் தாமே வைத்தியராக இருந்தனரென்றும் நொக்ஸ் எழுதுகின்றார். இது முழு உண்மையாக இருத்தல் இயலாது. அரசவையிலும் விகாரைகளிலும் ஏட்டறிவுடைய வைத்தியர் இருந்திருப்பர். சிறைப்பட்ட மாலுமி கண்டது கிராமத்தை மட்டுமே. எனினும் கிராமத்து வழக்கத்தைப் பொறுத்தமட்டில் அவர் கூறியது எம் வீட்டிலே இன்றும் பொருந்துகின்றது என்பதனைத் தாத்தாவின் எண்ணெய்க் கிண்ணத்தைக் கண்ட யான் மறுக்கமாட்டேன்.

மூளைக்குக் குருதி செல்கின்றது என்பது தெரிந்தபின், எவ்வளவு செல்கின்றது என்னும் வினா எஞ்சிநின்றது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இத்தாலியரான மொஸ்ஸோ, மண்டையோட்டில் காயத்தால் துவாரம் ஏற்பட்ட பேர்த்தினோ என்னும் உழவரை ஆராய்ந்தார். நண்பகலிற் கோயில் மணி ஒலித்தபொழுது அவ்வுழவரின் மூளைத் துடிப்பு உயர்ந்தது. மணியோசை கேட்டதும் செபத்தை நினைத்தாயோ எனக் கேட்ட கணத்தில் அது மீண்டும் உயர்ந்தது. கையின் துடிப்பிலோ மாற்றமில்லை. மனம் தொழிற்படும் இடத்துக்குக் குருதி விரைகின்றது என்னும் கருத்து இவ்வாறு உருப்பெற்றது. 1890 இல் றோய், ஷெரிங்டன் என்போர் அதனைக் கோட்பாடாக வகுத்தனர். 1940களில் அமெரிக்கரான கெற்றியும் ஷ்மிற்றும் உயிருள்ள மனிதரின் மூளைக் குருதியோட்டத்தை முதன்முதலாக அளந்தனர். ஒருவரின் உடல் எடையில் ஏறத்தாழ நூற்றுக்கு 2 பங்கே மூளை. ஆனால், இதயம் வெளியேற்றும் குருதியில் நூற்றுக்கு 15 பங்கு, அதாவது நிமிடத்துக்கு ஏறக்குறைய 750 மில்லிலீற்றர், அதற்கே செல்கின்றது. உடல் செலவிடும் ஒட்சிசனில் ஐந்தில் ஒரு பங்கு அதற்குரியது. மூளைக்குச் சேமிப்பு என்பது இல்லை. குருதி பத்துச் செக்கன் நின்றால் அறிவு மயங்கும். சில நிமிடங்கள் நின்றால் நரம்புக்கலங்கள் இறக்கத் தொடங்கும். கடினமான கணக்கை மனத்தாற் செய்யும்பொழுதும் மூளை முழுவதற்கும் செல்லும் குருதியின் மொத்த அளவு மாறுவதில்லை என்பதும் 1955 இல் அறியப்பட்டது. பரீட்சை மண்டபத்தில் வாடும் எம்மவர்க்கு இது வியப்பளிக்கலாம்.

தமிழுக்கு இவ்வறிவு வந்த வழி யாழ்ப்பாணத்தது. 1847 இல் அங்கு வந்த அமெரிக்க மிசன் மருத்துவர் சாமுவேல் பிஸ்க் கிறீன், மானிப்பாயை இடமாகக் கொண்டு மருத்துவம் கற்பித்தார். முதலில் ஆங்கிலத்திலே தொடங்கியவர், ஆங்கிலம் கற்ற வைத்தியர் ஊரைவிட்டு உத்தியோகம் தேடிச் செல்வதனையும், தமிழிற் கற்றோரே கிராமத்தில் தங்குவர் என்பதனையும் உணர்ந்து, 1864 முதல் தமிழிலே கற்பிக்கலானார். அதற்கு நூல் வேண்டியிருந்தது. நூலுக்குச் சொல் வேண்டியிருந்தது. வழக்கிலுள்ள தமிழ்ச்சொல்லை முதலிலும், கிடைக்காவிடின் வடசொல்லையும், அதுவும் பொருந்தாவிடின் ஆங்கிலச் சொல்லைத் தமிழ் ஒலிப்படுத்தியும் கொள்வதென அவர் நெறி வகுத்துக்கொண்டார். அங்காதிபாதம், சுகரணம், இரண வைத்தியம் என்னும் தலைப்புக்களில் நூல்கள் வெளிவந்தன. இரசாயனத்துக்கு அவரிட்ட 'கெமிஸ்தம்' என்னும் பெயரைக் கேட்டு இன்று நாம் புன்முறுவல் செய்யலாம். ஆயினும் ஒரு சொல்லையேனும் ஆக்கிப் பார்த்தவர்க்கே அத்துன்பம் விளங்கும். 1872 இல் வெளியான 'மனுஷ அங்காதிபாதம்', மருத்துவ உலகம் முழுவதும் பயன்படுத்திய கிறேயின் உடற்கூற்று நூலின் தமிழாக்கம். கிறேயின் நூலிலே வில்லிசின் வளையம் உரிய இடத்தில் விளக்கப்பட்டுள்ளது. ஆதலின், மூளைக்குக் குருதி செல்லும் வழியை முழுமையாகத் தமிழிலே கற்கும் வாய்ப்பு நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன்னரே மானிப்பாயில் இருந்தது எனலாம்.

அது நிலைக்கவில்லை. 1870 இல் கொழும்பிலே அரசினர் மருத்துவக் கல்லூரி தொடங்கப்பட்டது, அங்கு மொழி ஆங்கிலம், உத்தியோகமும் அங்கே. 1873 இல் கிறீன் நலங்குன்றித் தாயகம் மீண்டார். அங்கிருந்தும் மொழிபெயர்ப்புக்களைத் திருத்தி அனுப்பிக்கொண்டிருந்த அவர் 1884 இல் மறைந்தார். தாம் தமிழர்க்கு மருத்துவ ஊழியராக இருந்தவர் என்னும் குறிப்பினைத் தம் கல்லறையிலே பொறிக்கவேண்டுமென விரும்பினார், அவ்வாறே பொறிக்கப்பட்டது. கவிஞர் அம்பி அவரைப் பற்றி எழுதியிராவிடின் எம் தலைமுறையிற் பலருக்கு அவர் பெயரே தெரியாதிருக்கும். கிறீனின் மாணவர் கிராமங்களிலே தங்கித் தலைமுறை தலைமுறையாகத் தமிழில் விளக்கியிருப்பாராயின், பாரிசவாதம் என்ற பெயர் மாறாவிடினும் அதன் பொருளேனும் மாறியிருக்கும் என்பது என் எண்ணம். மறுபுறம், அவர்தம் பணி யாழ்ப்பாணத்துக்குள்ளேயே அடங்கியது. மலையகத்துத் தோட்டங்களில் வாழ்ந்த தமிழரை அது எட்டவில்லை என்பதனையும் கூறாது விடுதல் முறையன்று. எம் முன்னோர்க்கு அங்காதிபாதமும் கிட்டவில்லை; ஆங்கில வைத்தியமும் தோட்டத்து மருந்து அறையோடு நின்றது.

இந்நாட்டில் மூளைக் குருதித் தடையால் நேர்ந்த மரணங்களுள் யாவரும் அறிந்தது முதற் பிரதமர் டி. எஸ். சேனநாயக்காவினுடையது. 1952 மார்ச் 21 ஆம் நாட் காலையில், காலிமுகத்திடலிற் குதிரைச் சவாரி செய்துகொண்டிருந்தபொழுது அவரைத் திடீரென மூளைத்தாக்கு பீடித்தது, குதிரையினின்று வீழ்ந்தார், மறுநாட் காலமானார். கலைப்பீடம் பேராதனைக்குக் குடிபெயர்ந்ததும் அவ்வாண்டிலேதான். எங்கள் ஊர்ப் பெரியவரைக் கேட்டால், "குதிரையிலிருந்து விழுந்து செத்தார்" என்றே கூறுவர். வீழ்ந்தமையாற் பீடிக்கவில்லை, பீடித்தமையாலேயே வீழ்ந்தார் என்பது எளிதில் மனத்திற் பதிவதில்லை. கண்ணுக்குப் புலனானது குதிரை, குருதிக்குழாய் அன்று.

அந்நாளில் மருத்துவர் செய்யத்தக்கதும் அதிகம் இருந்ததில்லை. கழுத்திலுள்ள நாடி அடைபடுவதனால் மூளை தாக்கப்படலாம் என்பதனைக் கனடா நாட்டு மில்லர் பிஷர் வலியுறுத்திக் காட்டியது அதற்கு முந்திய ஆண்டாகிய 1951 இலே. உயர் குருதியமுக்கத்தைத் தணிக்கும் நல்ல மருந்துகளும் அப்பொழுது இல்லை. 1945 ஏப்பிரல் 12 இல், மூளையிற் குருதி கசிந்து அமெரிக்க அதிபர் ரூஸ்வெல்ற் இறந்த நாளில் அவர்தம் குருதியமுக்கம் 300 இன் மேல் 190 ஆக இருந்தது. உலகின் வலிமைமிக்க நாட்டின் தலைவருக்கும் அன்று ஓய்வைத் தவிர மருந்து அரிது. இன்று, பல்லேகலவிலிருந்து குண்டசாலைக்குச் செல்லும் எவரும் வழியிலுள்ள மருந்துக்கடையிற் குருதியமுக்கத்தை அளந்துகொள்ளலாம். அளப்பவர் சிலர்.

பெயர்ப் பிரச்சினை இன்னும் தீரவில்லை. சிங்களத்தில் 'ஆகாதய' என்னும் சொல் பரவியுள்ளது. தாக்கு என்பது அதன் பொருள். தமிழிலோ மூளைத்தாக்கு, மூளைக் குருதியடைப்பு எனப் பல சொற்கள் அச்சிலே உலவ, விளம்பரப் பலகைகளில் 'பக்கவாதம்' என்பதே நிற்கின்றது. பழஞ்சொல்லைக் கைவிட வேண்டியதில்லை என்போரின் நியாயம் விளங்குகின்றது. மக்கள் அறிந்த சொல்லிற் பேசினாலன்றி எச்சரிக்கை பயன்படாது. ஆனால் இந்நோய் எப்பொழுதும் ஒரு பக்கத்தைத் துவளச் செய்வதில்லை. சிலருக்குப் பார்வையின் ஒரு பாதி மறைகின்றது. சிலர் நடை தள்ளாடுகின்றனர். சிலருக்குச் சொல் மட்டும் குழறுகின்றது. கைகால் நன்றாக இருத்தலின் இது பக்கவாதமன்று என எண்ணி அவர்கள் வீட்டிலேயே படுத்துக்கொள்கின்றனர். எங்கள் தாத்தாவுக்கோ வலக்கையும் பேச்சும் ஒருங்கே போயின. பெரும்பாலோரிற் பேச்சுக்குரிய இடம் மூளையின் இடப்பாகத்தில் உள்ளதென 1861 முதல் புறோக்கா காட்டிவந்தார்; வலக்கையை இயக்கும் இடமும் அதற்கு அயலிலேயே உள்ளது; இரண்டுக்கும் நீர் பாய்ச்சும் வாய்க்கால் ஒன்றே. புறோக்காவின் புகழ்பெற்ற நோயாளி ஒருவர், எதனைக் கேட்டாலும் 'தான்' என்னும் ஓரசையையே மறுமொழியாகக் கூறினார் என வாசித்தபொழுது, தாத்தாவின் 'ஆமா' என் காதில் ஒலித்தது.

அடைபட்ட நாடியிலுள்ள குருதிக்கட்டியைக் கரைக்கும் மருந்து, நோய் தொடங்கி மூன்று மணி நேரத்துக்குள் ஏற்றப்பட்டால் பயன்தரும் என்பது 1995 இல் நிறுவப்பட்டது. 2008 இல் அவ்வெல்லை நாலரை மணி நேரமாக நீட்டப்பட்டது. பின்னர் குழாய் செலுத்திக் கட்டியை இழுத்தெடுக்கும் முறையும் வந்தது. கசிவினால் வந்த நோய்க்கு அம்மருந்து நஞ்சு. ஆதலின் முதலில் தலையைப் படம்பிடித்துப் பார்த்தல் இன்றியமையாதது. பெரிய நாடியொன்று அடைபட்டு நிற்கும் ஒவ்வொரு நிமிடத்திலும் ஏறத்தாழ 19 இலட்சம் நரம்புக்கலங்கள் இறக்கின்றன என 2006 இல் ஒரு மருத்துவர் கணக்கிட்டார். 1990 என்னும் எண்ணுக்கு அழைத்தால் இலவசமாக வரும் அம்புலன்ஸ் வண்டி 2016 இல் இந்நாட்டிலே தொடங்கிப் பின்னர் எல்லா மாகாணங்களுக்கும் விரிந்தது.

அன்று நண்பகல் கழித்து நாம் தாத்தாவைக் கொண்டுசென்றபொழுது, இளம் வைத்தியர் ஒருவர் அவரைப் பார்த்துவிட்டு, எப்பொழுது தொடங்கியது என்று முதலிற் கேட்டார். நேற்று மாலை ஆறு மணிக்கு என்றார் அப்பா. வைத்தியர் கைக்கடிகாரத்தை நோக்கினார். பின்னர் அதனைத் தாளிலே குறித்துக்கொண்டார்.